பச்சை உப்பைத் தடுத்தீர்கள், மாற்று உப்பை நாங்கள் எங்கே வாங்குவது?

மத்திய அரசில் பட்டாசுத் தொழிலுக்கு விதி வகுக்கும், உரிமம் தரும், வெடிமருந்தைச் சோதிக்கும் துறைகளின் பொறுப்பாளர்களுக்கு,

சிவகாசிக்குப் பக்கத்தில் வெம்பக்கோட்டை வட்டாரத்தில் கம்பி மத்தாப்பு மட்டும் செய்கிற ஒரு சிறு ஆலையை நடத்துகிறேன். எங்கள் பகுதியில் என்னைப் போலவே தொழில் செய்யும் ஒருவரின் உரிமத்தை இந்தப் பருவத்தில் நிறுத்தி வைத்திருக்கிறார்கள். அவர் கலவையில் பேரியம் இருப்பதாக ஒரு சோதனை அறிக்கை சொல்கிறது. நாங்கள் பச்சை உப்பு என்று சொல்லும், பட்டாசுக்குத் தடை செய்யப்பட்ட பேரியம் நைட்ரேட்டை அவர் வாங்கவில்லை. அதற்கு மாற்று உப்பான ஸ்ட்ரான்சியம் நைட்ரேட் வாங்கினார், ரசீது இருக்கிறது. அந்த மூட்டைக்குள்ளேயே பேரியம் சேர்ந்து வந்திருக்கிறது. இதை விளக்கிச் சொல்ல அவர் போன இடத்தில் எல்லாம் அறிக்கையைத்தான் காட்டினார்கள், அவர் பேச்சை யாரும் எழுதிக்கொள்ளவில்லை. நாளை எனக்கும் இதே கதிதான். அதனால் பொதுவில் எழுதுகிறேன்.

ஸ்ட்ரான்சியமும் பேரியமும் ஒரே குடும்பத்துத் தனிமங்கள். ஸ்ட்ரான்சியம் எடுக்கிற தாதுவில் பேரியமும் ஒட்டிக்கொண்டிருக்கும். அதை முழுதாகப் பிரிக்கச் செலவு அதிகம். ஆய்வகத்துக்குப் போகும் உயர்தூய்மை ரகத்தில் பிரித்திருப்பார்கள். தொழிற்சாலைக்கு வரும் ரகத்தில் கொஞ்சம் இருக்கத்தான் செய்யும். வேதியியல் படித்த எவருக்கும் இது தெரியும், உங்கள் ஆய்வகங்களில் இருப்பவர்களுக்கு நிச்சயம் தெரியும். அப்படியிருக்க, எங்கள் நண்பருக்கு வந்த அறிக்கையில் பேரியம் 'உள்ளது' என்று மட்டும் இருந்தது. எவ்வளவு என்ற எண் இல்லை. கலவையில் பாதியாகப் பச்சை உப்பைக் கொட்டியவருக்கும், மாற்று உப்பை நம்பி வாங்கியவருக்கும் ஒரே சொல்லில் தீர்ப்பு. மாற்று உப்பில் மாசாக எவ்வளவு பேரியம் வரலாம் என்று சொல்லும் ஒரு தாள்கூட எங்களைப் போன்ற சிறு ஆலைகளின் கைக்கு இதுவரை வந்ததில்லை.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். பேரியம் தடையை எடுங்கள் என்று கேட்க இந்த மடலை எழுதவில்லை. தண்ணீரில் கரையும் பேரியம் உப்பு உடம்புக்குள் போனால் தசையையும் இதயத்தையும் பிடிக்கும். வெடித்த பிறகு புகையை மூச்சில் இழுப்பவர்களைப் பற்றி நீதிமன்றம் கவலைப்பட்டது. அந்த உப்பைத் தினமும் கையால் அள்ளிச் சலித்தவர்கள் எங்கள் ஆட்கள். பச்சை உப்பு என் கெமிக்கல் அறையை விட்டுப் போனதில் எனக்கு வருத்தமே இல்லை. அது போன இடத்தில் எதை வைப்பது, அதைச் சட்டப்படி எங்கே வாங்குவது என்பதற்கு மட்டும் இத்தனை ஆண்டுகளாக எங்களுக்கு ஒழுங்கான பதில் இல்லை.

வழக்கின் வரலாறு உங்களுக்குத் தெரிந்ததுதான். ஆனாலும் எங்கள் பக்கம் நின்று பார்த்தால் அது வேறு மாதிரி தெரியும். 2015-ல் தில்லியில் மூன்று குழந்தைகளின் பெயரில், பட்டாசுப் புகைக்கு எதிராக உச்ச நீதிமன்றத்தில் வழக்கு வந்தது. 2017 ஜூலை 31-ல் ஆன்டிமனி, லித்தியம், பாதரசம், ஆர்செனிக், ஈயம் ஆகியவற்றுக்குத் தடை. 2018 அக்டோபர் 23-ல் பேரியம் உப்புகளுக்கும் சரவெடிக்கும் தடை. அந்தத் தீபாவளி முடிந்ததும் சிவகாசி ஆலைகள் மாதக் கணக்கில் மூடிக் கிடந்தன. 2021 அக்டோபர் 29-ல் நீதிமன்றம் பேரியம் தடையை மீண்டும் உறுதி செய்தது, மீறல் நடந்தால் அந்தந்த அதிகாரிகளே பொறுப்பு என்றும் சொன்னது. அளவைக் குறைத்து, தூசு அடக்கும் கூட்டுப்பொருள் சேர்த்துப் பேரியம் பயன்படுத்த அனுமதி கேட்ட மனு 2023 செப்டம்பர் 22-ல் தள்ளுபடியானது. 2025 அக்டோபரில் தில்லி வட்டாரத்தில், மாசு குறைந்த பசுமைப் பட்டாசுக்குச் சில நாட்கள் கதவு திறந்தது, அங்கேயும் பேரியம் இருந்தால் பறிமுதல்தான்.

தொழில் செய்யும் உரிமை அரசியல் சாசனத்தின் 19-வது பிரிவில் இருக்கிறது, மக்கள் நலனுக்காக அதற்கு வரம்பு போடலாம் என்பதும் அதே பிரிவில் இருக்கிறது. உயிர் வாழும் உரிமை 21-வது பிரிவு. இரண்டும் மோதினால் எது பெரிது என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதில் எனக்கு மறுப்பு இல்லை. ஆனால் அதே 2018 தீர்ப்பு இன்னொன்றும் சொன்னது. அனுமதிக்கப்பட்ட ரசாயனங்களால் ஆன பட்டாசு மட்டுமே வாங்கவும் விற்கவும் படுவதை வெடிபொருள் கட்டுப்பாட்டு அமைப்பான பெசோ உறுதி செய்ய வேண்டும் என்றது. 'அனுமதிக்கப்பட்ட ரசாயனம்' என்று ஒன்று இருந்தால் அது கடையில் கிடைக்க வேண்டும், தரம் தெரிந்து கிடைக்க வேண்டும், சிறிய அளவிலும் கிடைக்க வேண்டும். தடையை அமல்படுத்துவது எப்படி உங்கள் கடமையோ, இதுவும் அப்படியே உங்கள் கடமை என்பதுதான் என் வாதம். தடை மட்டும் ஆலை வாசல் வரை வந்து நிற்கிறது.

எங்கள் ஊரில் உரிமத்தை வைத்தே ஆளை எடைபோடுவார்கள். மாவட்ட வருவாய் அலுவலர் தரும் டிஆர்ஓ லைசென்ஸ், பெசோவின் அந்தந்த ஊர் அலுவலகம் தரும் சென்னை லைசென்ஸ், நாக்பூர் லைசென்ஸ் என்று மூன்று படி. மாவட்ட நிர்வாகம் தரும் முதல் படியில் மருந்தின் அளவு 15 கிலோவுக்கு மேல் போகக்கூடாது. நான் அந்தப் படி. எனக்கு மாற்று உப்பு மூட்டைக் கணக்கில்தான் வேண்டும். ஸ்ட்ரான்சியம் நைட்ரேட் விற்கும் பெரிய வியாபாரிகள் டன் கணக்கில் எடுப்பவர்களோடுதான் பேசுகிறார்கள். முழுப் பணத்தையும் முன்னால் கட்டு, சரக்கு எப்போது வரும் என்று கேட்காதே, இதுதான் பேச்சு. பெரிய ஆலைகள் எடுத்த பிறகு மிஞ்சுவதைச் சில்லறைக் கெமிக்கல் கடைகள் பிரித்து விற்கின்றன. பிரித்த மூட்டைக்குத் தரச் சான்று இருக்காது. எந்தத் தொழிற்சாலையில் செய்தது, எந்தத் தொகுதி, பேரியம் மாசு எவ்வளவு, எதுவும் தெரியாது. சான்று கேட்டால் 'வேண்டுமென்றால் எடுங்கள், இல்லாவிட்டால் வைத்துவிட்டுப் போங்கள்' என்பார்கள். ஒரு கடைக்காரர் பில் இல்லாமல் எடுத்தால் விலை குறையும் என்று என்னிடமே சொன்னார். நான் எடுக்கவில்லை. எடுத்தவர்கள் இருக்கிறார்கள், அவர்கள் எல்லோரும் கெட்டவர்கள் என்று என்னால் சொல்ல முடியவில்லை.

பச்சை உப்புக்கோ இந்தத் தொல்லை எதுவும் இல்லை. கண்ணாடி, பீங்கான் தொழிலுக்கு அது இன்றும் சட்டப்படி விற்கும் சரக்கு. அதனால் சந்தையில் அது இருந்துகொண்டே இருக்கிறது, மாற்று உப்பை விட மலிவாகவும் இருக்கிறது. தடுக்கப்பட்ட பொருள் கைக்கு எட்டும் தூரத்தில், அனுமதிக்கப்பட்ட பொருள் எட்டாத தூரத்தில். இந்த நிலைமையை அப்படியே விட்டுவிட்டு, தீபாவளிக்கு முன் சோதனை அணிகளை மட்டும் அனுப்பினால் ஆண்டுதோறும் சிலர் பிடிபடுவார்கள். மீறல் நிற்காது.

சரக்கு கிடைத்துவிட்டாலும் வேலை முடிவதில்லை. பச்சை உப்புக்கு ஈரம் பிடிக்காது. மழைக்காலத்தில் கூட மூட்டையைத் திறந்து வைக்கலாம். கம்பி மத்தாப்பில் அதன் வேலை நிறம் கொடுப்பதை விட, அலுமினியப் பவுடரும் இரும்புத் தூளும் சீராக எரிய ஆக்சிஜன் தருவதுதான். ஸ்ட்ரான்சியம் நைட்ரேட் காற்றிலிருந்து ஈரத்தை இழுக்கும். டெக்ஸ்ட்ரின் பசையில் கரைத்துக் கம்பியைச் சட்டத்தோடு முக்கி எடுத்து மேடையில் காயப்போட்டால், வெயில் குறைந்த நாளில் மேல்பக்கம் காய்ந்து உள்ளே ஈரம் நிற்கும். பெட்டியில் அடைத்த பிறகு கம்பி துருப்பிடிக்கும், மருந்து உதிரும், பற்றவைத்தால் பாதியில் அணையும். ஐப்பசி மழையில் ஊருக்கு ஊர் சரக்கு திரும்பி வருவதை நாங்கள் பார்த்துவிட்டோம். திரும்பி வந்த மத்தாப்பை விற்கவும் முடியாது, சும்மா கொட்டவும் முடியாது, அதை அழிப்பதே தனி ஆபத்து.

அதை விடப் பெரிய கவலை பாதுகாப்பு. எந்த நைட்ரேட் ஆனாலும் அலுமினியப் பவுடரோடு ஈரத்தில் நெடுநேரம் கிடந்தால் உள்ளுக்குள் சூடேறும். அதற்காகத்தான் போரிக் அமிலம் சேர்க்கிறோம், கரைத்த மருந்தை அன்றன்றே முடிக்கிறோம். பழைய கலவையில் எவ்வளவு தண்ணீர், எவ்வளவு நேரம், எப்போது கை வைக்கக் கூடாது என்பதெல்லாம் ஃபோர்மேன்களின் உடம்பில் ஊறிப்போன பாடம். உப்பை மாற்றினால் அந்தப் பாடத்தை முதலிலிருந்து படிக்க வேண்டும். யாரிடம் படிப்பது? கந்தகத்தோடு குளோரேட் சேர்ந்த கலவையை 1992 ஜனவரியில் தடை செய்தபோது காரணம் தெளிவாக இருந்தது: உராய்ந்தாலே வெடிக்கும். அந்தத் தடை எத்தனையோ உயிர்களைக் காத்திருக்கும் என்றே நம்புகிறேன். வேதியியலை மாற்றும் ஒவ்வொரு உத்தரவும் ஆலைக்குள் நிற்கும் ஆளின் உயிரைத் தொடுகிற உத்தரவு. காற்று மாசுக்காகப் போட்ட தடையிலும் அந்த ஆளை ஒரு ஓரத்திலாவது நினைத்திருக்க வேண்டும்.

மாற்றுச் சூத்திரம் இருக்கிறது என்பீர்கள். இருக்கிறது, மறுக்கவில்லை. நாக்பூரில் உள்ள நீரி ஆய்வு நிறுவனம் ஸ்வாஸ், ஸ்டார், சஃபல் என்ற பசுமைப் பட்டாசு வகைகளை உருவாக்கியது. தூசு அடக்கும் கூட்டுப்பொருள் சேர்த்து நுண்துகளை 30 சதவீதமாவது குறைப்பது அதன் இலக்கு. நல்ல வேலை. சிவகாசியிலேயே மூலப்பொருளைச் சோதிக்கும் வசதியும் வந்தது. ஆனால் சூத்திரம் ரகசியக் காப்பு ஒப்பந்தத்துக்குள் இருக்கிறது. ஒப்பந்தம் போட்டு, மாதிரி செய்து, அனுப்பி, சான்று வாங்கி, ரகம் மாறினால் மறுபடி அனுப்பி வாங்க வேண்டும். பெரிய ஆலையில் இதற்கென்றே ஒரு வேதியியல் பட்டதாரி இருப்பார். என் ஆலையில் கணக்கு எழுதுவதும், மருந்து கலப்பதை மேற்பார்வை பார்ப்பதும், பேங்க்குக்குப் போவதும் நான்தான். பசுமைப் பட்டாசு செய்ய 165 உற்பத்தியாளர்கள் இணைந்துவிட்டார்கள், இன்னும் 65 பேர் வர இருக்கிறார்கள் என்று 2019 அக்டோபரில் அரசு அறிவித்தது. இந்த வட்டாரத்தில் இருக்கும் ஆலைகளோ ஆயிரத்தை ஒட்டி. இந்தப் பெரிய இடைவெளியில் நின்றவர்கள் யார் என்று அப்போதே கேட்டிருக்கலாம். பொதுப்பணத்தில், பொதுநலனுக்காக உருவான சூத்திரம் அது. மக்கள் மூச்சு விடுவதற்காகத்தான் அது என்றால், அதை ஏன் பூட்டி வைக்க வேண்டும்? எவ்வளவு பேர் அதைச் செய்கிறார்களோ அவ்வளவுக்குக் காற்றுக்கு நல்லது.

கூட்டுப்பொருளும் இதே கதைதான். அதை விற்பவர்கள் சிலர். என்னுடையதைப் போன்ற ஆலை கேட்கும் அளவைச் சொன்னால் விலைப்புள்ளி கூட அனுப்புவதில்லை.

சரி, நீதிமன்றத்துக்குப் போங்கள் என்று சொல்லலாம். எப்படிப் போவது? வழக்கு உச்ச நீதிமன்றத்தில் நேரடியாக வந்தது, தில்லியில் நடக்கிறது, ஆங்கிலத்தில் நடக்கிறது. எங்கள் தரப்பு என்று அங்கே ஒலித்தது சங்கங்களின் குரல். சங்கம் கேட்டது சரவெடியும் பேரியமும் திரும்ப வேண்டும் என்பதை. பெரிய ஆலைகளுக்கு அது பெரிய விஷயம், தவறென்று சொல்ல மாட்டேன். ஆனால் மாற்று உப்பைச் சிறிய அளவில் எங்களுக்கும் கிடைக்கச் செய்யுங்கள், மாசு அளவை எண்ணில் எழுதுங்கள் என்ற எங்கள் சாதாரண வேண்டுகோள் அந்த மனுக்களின் மையத்தில் இல்லை. தனியாக ஒரு மனு போட மூத்த வழக்கறிஞருக்குத் தர வேண்டிய தொகை என் ஆலையின் ஒரு பருவ லாபத்தைத் தாண்டும். உரிமம் நிறுத்தப்பட்ட என் நண்பர் உயர் நீதிமன்றம் போகலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறார். வழக்கு விசாரணைக்கு வருவதற்குள் தீபாவளி போய்விடும். பட்டாசுக்காரனுக்குத் தீபாவளிக்குப் பிறகு கிடைக்கும் நீதியால் கூலி கொடுக்க முடியாது.

இதன் முடிவு என்ன ஆகிறது என்பதையும் சொல்ல வேண்டும். சட்டப்படி உப்பு வாங்க முடியாத சிறு ஆலைக்காரர் ஆலையை மூடிவிட்டு வீட்டில் உட்காருவதில்லை. பெரிய ஆலையில் ஓர் அறையை உள்குத்தகைக்கு எடுப்பார், இல்லாவிட்டால் தன் உரிமத்தையே இன்னொருவரிடம் விட்டுவிட்டு ஒதுங்குவார். ஓர் அறையில் இருக்க வேண்டியதை விட அதிகம் பேர், அதிக மருந்து, யார் பொறுப்பு என்றே தெரியாத வேலை. 2021 பிப்ரவரி 12-ல் அச்சங்குளம் பட்டாசு ஆலை வெடிவிபத்தில் இருபதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அந்த ஆலை பலருக்கு உள்குத்தகைக்கு விடப்பட்டிருந்தது பிறகு வெளியே வந்தது. 2012 செப்டம்பர் 5-ல் முதலிபட்டி ஆலை வெடிவிபத்தில் முப்பதுக்கும் மேற்பட்ட உயிர்கள் போயின. அந்த விபத்துகளுக்குக் காரணம் உப்புத் தட்டுப்பாடு என்று நான் சொல்லவில்லை. ஆனால் சிறு உற்பத்தியாளர் தன் பெயரில், தன் கணக்கில், தன் பொறுப்பில் தொழில் செய்ய வழி இருக்கும்போது உள்குத்தகை குறையும். அந்த வழியை மூலப்பொருளில் வைத்து அடைக்கிறீர்கள். கண்காணிக்கிற உங்களுக்கே அது வேலையைக் கடினமாக்குகிறது.

இவ்வளவையும் படித்த பிறகு, சின்ன ஆலைகளை மூடிவிட்டால் பிரச்சினை தீரும் என்று உங்களில் யாருக்காவது தோன்றலாம். கூட்டங்களில் அப்படிப் பேசுவதைக் கேட்டிருக்கிறேன். எங்கள் ஆலையில் மத்தாப்புக் கட்டும் பெண்களுக்கு இந்த மானாவாரி மண்ணில் ஆண்டு முழுக்கக் கிடைக்கும் வேறு வேலை எது என்பதை அந்தப் பேச்சோடு சேர்த்துச் சொல்லுங்கள். அது வரை எங்களையும் சட்டத்துக்குள் வைத்தே பேசுங்கள்.

ஆகவே நான் கேட்பவை இவை.

மாற்று ரசாயனங்களில் மாசாக வரும் பேரியத்துக்கு ஓர் உச்ச வரம்பை எண்ணில் நிர்ணயித்து அரசிதழில் வெளியிடுங்கள். அதற்கு நீதிமன்றத்தின் ஒப்புதல் வேண்டுமென்றால் நீங்களே மனுப் போட்டு வாங்குங்கள், அந்தச் சுமையை எங்கள் மேல் போடாதீர்கள். வரம்பு வரும் வரை, அளவு எழுதாத அறிக்கையை மட்டும் வைத்து எவருடைய உரிமத்தையும் நிறுத்தாதீர்கள். ஏற்கெனவே நிறுத்தியவற்றில், வாங்கிய ரசீதும் மூட்டையின் மாதிரியும் இருந்தால், அளவைக் கணக்கிடும் மறுசோதனையைப் பருவம் முடிவதற்குள் நடத்துங்கள். சோதனையின் போது எடுக்கும் மாதிரியில் ஒரு பங்கை முத்திரையிட்டு ஆலைக்காரரிடமே கொடுங்கள், அதை வேறொரு அங்கீகரித்த கூடத்தில் சோதிக்கும் உரிமையையும் கொடுங்கள்.

ஸ்ட்ரான்சியம் நைட்ரேட், தூய வெடியுப்பு, பசுமைப் பட்டாசுக் கூட்டுப்பொருள் ஆகியவற்றை விற்போர் ஒவ்வொரு மூட்டைக்கும் தொகுதி எண்ணும் தரச் சான்றும் தர வேண்டும் என்று விதி கொண்டுவாருங்கள். மூட்டையைப் பிரித்து விற்றாலும் சான்றின் நகல் கூடவே வர வேண்டும். மாசு கூடுதலாக இருந்தால் முதல் கேள்வி விற்றவரிடம் போகட்டும். இந்தப் பொருட்களை மொத்தமாக வாங்கிச் சோதித்து, டிஆர்ஓ உரிமம் உள்ளவர்களுக்குத் தேவையான அளவில் பில்லோடு விற்கும் ஒரு பொதுக் கிடங்கைச் சிவகாசியில் அமையுங்கள். கூட்டுறவாகவோ சிறுதொழில் துறையின் வழியாகவோ, எப்படி என்பது உங்கள் விருப்பம். எங்கள் பங்குத் தொகையைக் கட்டத் தயாராக இருக்கிறோம்.

பசுமைப் பட்டாசுச் சூத்திரங்களில் கம்பி மத்தாப்பு, புஸ்வாணம், தரைச்சக்கரம் ஆகிய மூன்றுக்கானதையாவது ஒப்பந்தமோ கட்டணமோ இல்லாமல் உரிமம் உள்ள எல்லோருக்கும் திறந்து விடுங்கள். கூடவே, அந்தக் கலவையைக் கையாளும் பாதுகாப்பு முறையைத் தமிழில் அச்சிட்டு, ஃபோர்மேன்களுக்கும் கலவை ஆட்களுக்கும் ஆலைக்கே வந்து பயிற்சி கொடுங்கள்.

கடைசியாக, இந்த வழக்கில் அடுத்த முறை நீங்கள் நீதிமன்றத்தில் அறிக்கை தாக்கல் செய்வதற்கு முன், சிறு உரிமதாரர்களைத் தனியாக அழைத்து, தமிழில், விருதுநகர் மாவட்டத்திலேயே ஒரு கருத்துக் கேட்புக் கூட்டம் நடத்துங்கள். அங்கே நாங்கள் சொல்வதை அந்த அறிக்கையோடு இணையுங்கள். தேதியைச் சொன்னால் ரசீதுகளையும் மூட்டைச் சீட்டுகளையும் சோதனை அறிக்கைகளையும் எடுத்துக்கொண்டு வருகிறோம்.

இப்படிக்கு,
வெம்பக்கோட்டை வட்டாரக் கம்பி மத்தாப்பு உற்பத்தியாளர் ஒருவர்